விசாரணை முடியும்வரை

என்னைத் துரத்தியடிப்பதற்கு ஒரு விழா எடுத்தார்கள். ஒலிபெருக்கி கட்டி, போண்டா வாங்கி, பொன்னாடை போர்த்தி, இவரைப் போல நேர்மையானவரைப் பார்த்ததில்லை என்று வாயார வாழ்த்தித்தான் வெளியே தள்ளினார்கள். கொங்கு நாட்டில் அரசாங்க வேலை பார்த்தவர்களுக்கு இதில் ஒன்றும் அதிசயம் இருக்காது. மற்றவர்களுக்காகத்தான் கொஞ்சம் விவரமாகச் சொல்ல வேண்டியிருக்கிறது.

நான் அப்போது உடுமலைப்பேட்டைக்குப் பக்கத்தில் ஒரு ஒழுங்குமுறை விற்பனைக் கூடத்தில் கண்காணிப்பாளர். ஊர்ப் பெயர் எதற்கு, எங்கே போனாலும் இதே கூத்துதான். விவசாயிகள் தேங்காயை உடைத்துக் காயவைத்து, பருப்பைச் சாக்கில் கட்டிக்கொண்டு வருவார்கள். காகிதத்தில் அதற்குக் கொப்பரை என்று பெயர். வாரத்தில் ஒரு நாள் ஏலம். தரையில் குவியல் குவியலாகக் கொட்டி எண் போட்டு வைப்போம். வியாபாரிகள் சுற்றி வந்து, ஒரு துண்டை ஒடித்து மோந்து பார்த்து, குவியலுக்கு இவ்வளவு என்று சீட்டில் விலை எழுதிப் பெட்டியில் போடுவார்கள். குறித்த நேரத்தில் பெட்டியைப் பூட்டிவிடுவோம். பிறகு எல்லார் முன்னாலும் திறந்து படித்து, யார் சீட்டில் விலை அதிகமோ அவருக்குக் குவியல். கைபேசியிலேயே விலை போடும் முறை வந்தாயிற்று. ஆனால் எங்கள் கூடத்தில் ஏலத்தன்று மட்டும் தவறாமல் யாராவது வந்து, "சர்வர் படுத்துக்கிச்சுங்க" என்பார்கள். ஆகவே பெட்டிதான்.

பெட்டிச் சாவி என்னிடம் இருந்தது. வம்பு அங்கேதான் ஆரம்பித்தது.

எங்கள் கூடத்துக்கு வரும் வியாபாரிகளில் ஒருவர் பெரிய கை. களங்கள், எண்ணெய் ஆலைகள், எந்தக் கட்சிக்காரர் வீட்டுக் கல்யாணமானாலும் முதல் வரிசை நாற்காலி. என்னை 'அம்மணி' என்றுதான் கூப்பிடுவார். என் அப்பனும் அம்மாவும் கருமத்தம்பட்டிப் பக்கம் தோட்டங்களில் கூலிக்குப் போனவர்கள். தோட்டக்காரர்கள் அவர்களை என்ன சொல்லிக் கூப்பிட்டார்கள் என்று என் காதாலேயே கேட்டிருக்கிறேன். அதனால் இந்த 'அம்மணி'க்கெல்லாம் நான் மயங்குகிற ஆள் இல்லை. எங்கள் ஊர்க்காரர்களுக்கு மரியாதை அதிகம் என்று வெளியூரில் புகழ்வார்கள். ரொம்ப அதிகம். கழுத்தை அறுப்பதாக இருந்தாலும், "கொஞ்சம் தலையச் சாய்ச்சுக்குங்க" என்று கேட்டுக்கொண்டுதான் அறுப்பார்கள்.

அன்று பெட்டியைப் பூட்டியாயிற்று. திறக்க இன்னும் சற்று நேரம் இருந்தது. பெரிய கைக்குக் காங்கேயத்திலிருந்து ஒரு போன் வந்தது. எண்ணெய் விலை இறங்கிவிட்டது போலிருக்கிறது. மெல்ல நடந்து என் மேஜைக்கு வந்தார்.

"ஏனுங்க அம்மணி, ஒரு சீட்டுல தப்பா எழுதிப்போட்டேனுங்க. கொஞ்சம் பெட்டியத் தொறந்தீங்கன்னா மாத்திப் போட்டுக்குவேன்."

"பூட்டுன பெட்டி பூட்டுனதுதானுங்க" என்றேன்.

"அட, ஒரு சீட்டுத்தானுங்களே."

அந்த ஒரு சீட்டு எந்தக் குவியலுக்கு என்று எனக்குத் தெரியும்; காலையிலிருந்து அவர் சுற்றிச் சுற்றி வந்தது ஒரே குவியலைத்தான். அமராவதி அணைப் பக்கத்திலிருந்து வருகிற ஒரு சின்ன விவசாயியின் குவியல். நல்ல பருப்பு, அன்றைய கூடத்திலேயே அதுதான் உயர்த்தி. அவரும் பக்கத்தில்தான் நின்றுகொண்டு எங்கள் வாயைப் பார்த்தபடி இருந்தார். சீட்டை மாற்றினால் நஷ்டம் வியாபாரிக்கு இல்லை, அந்த மனுஷனுக்குத்தான். வியாபாரி விடவில்லை. சிரித்துக்கொண்டே கேட்டார், தோழமையாகக் கேட்டார், எங்கள் மேலதிகாரியான செயலாளர் பெயரைச் சொல்லிக் கேட்டார், கடைசியில் பெட்டி மேலேயே கையை வைத்தார். எனக்கு மண்டைக்கு ஏறிவிட்டது.

"எழுதுன விலைக்கு எடுக்க மனசிருந்தா எடுங்க. இல்லீன்னா கூடத்த உட்டு வெளிய போங்க" என்று கூடம் முழுக்கக் கேட்கிற மாதிரிக் கத்தினேன்.

அவர் கையை எடுத்துக்கொண்டார். பெட்டி திறந்தது, அவர் எழுதிய விலைக்கே அந்தக் குவியலை எடுத்தார். போகும்போது, "வாரேனுங்க அம்மணி" என்று கும்பிட்டுவிட்டு வேறு போனார். அந்தக் கும்பிடைப் பார்த்ததுமே எனக்கு விளங்கிவிட்டது, ஆப்பு வரப்போகிறது என்று.

வந்தது. வியாபாரிகள் எல்லாரும் ஒட்டுக்காகக் கையெழுத்துப் போட்டு ஒரு புகார். அதைத் தொடர்ந்து மேலிடத்திலிருந்து எனக்கு ஒரு குற்றச்சாட்டு மெமோ. வியாபாரிகளிடம் மரியாதைக் குறைவாக நடந்துகொண்டார், ஏலத்துக்கு இடையூறு செய்தார், கூடத்தின் நற்பெயரைக் கெடுத்தார். சீட்டைப் பற்றி ஒரு வரி இல்லை. நான் பதில் எழுதிக் கொடுத்தேன். வேறு மாவட்டத்திலிருந்து ஒரு விசாரணை அதிகாரியைப் போட்டார்கள். சரி, வரட்டும் என்று இருந்தேன். பயமே இல்லை. கூடத்தில் அத்தனை பேர் பார்த்திருக்கிறார்கள். விசாரணை நடந்தால் ஒருத்தராவது வாயைத் திறந்து, 'சீட்டை மாற்றக் கேட்டார், அந்தம்மா முடியாது என்றார்' என்று சொல்லாமலா போய்விடுவார்கள்?

விசாரணை அதிகாரி வருவதற்குள் மாறுதல் ஆணை வந்துவிட்டது. நாகப்பட்டினம் பக்கம் ஒரு கூடம். 'நிர்வாகக் காரணங்களை முன்னிட்டு' என்று எழுதியிருந்தது. அந்தச் சொல்லைக் கண்டுபிடித்தவருக்குச் சிலை வைக்கலாம். எந்த அயோக்கியத்தனத்துக்கும் அளவெடுத்துத் தைத்த சட்டை மாதிரி பொருந்தும்.

என் வீட்டுக்காரர் அரசுப் பேருந்தில் நடத்துநராக இருந்து ஓய்வு பெற்றவர். வாழ்க்கை முழுக்க இடமாற்றங்களைப் பார்த்தவர். "போனாப் போகுது, போயிரலாம். அங்க மீன் நல்லாக் கெடைக்கும்" என்றார்.

நான் மீனுக்காகப் போக முடியாது. அன்றைக்குப் பார்த்த கண்கள் எல்லாம் இங்கே இருக்கின்றன. நான் அங்கே கடலோரம் நெல்லை அளந்துகொண்டு உட்கார்ந்திருந்தால், இங்கே என் விசாரணைக்கு யார் சாட்சிக்கு வருவார்கள்? யாரைப் போய் நான் கூப்பிடுவது? கூடத்தை விட்டுக் கிளம்பிய அன்றே கதை முடிந்துவிடும். 'தப்புப் பண்ணுனாங்க, தூக்கிப்போட்டாங்க' என்று ஊரே பேசி முடித்துவிடும். எங்கள் குடும்பத்தில் மேஜையும் நாற்காலியும் போட்டு உட்கார்ந்த முதல் ஆள் நான். அந்த நாற்காலியிலிருந்து என்னைத் திருடியைப் போல இறக்கி அனுப்புவதை நான் பொறுத்துக்கொள்ளத் தயாராக இல்லை. விசாரணை முடியும்வரை நான் இங்கேதான் இருக்க வேண்டும். அவ்வளவுதான் நான் கேட்டது.

இந்த நிலையில்தான் அந்த விழா.

எங்கள் துறையில் ஒரு வழக்கம் உண்டு. யாரையும் சும்மா அனுப்ப மாட்டார்கள். லஞ்சம் வாங்கிப் பிடிபட்டு ஜாமீனில் வந்தவருக்கே பொன்னாடை போர்த்திய அலுவலகத்தை நான் பார்த்திருக்கிறேன். போகிறவர் எப்படிப்பட்டவர் என்பதெல்லாம் கணக்கே இல்லை. போகிறார், ஆகவே புகழ வேண்டும். எனக்குப் போக விருப்பமில்லை. தட்டச்சுப் பார்க்கிற பெண் வந்து, "நீங்க வராமப் போனா நல்லாருக்காதுங்க மேடம், போண்டாவுக்கெல்லாம் சொல்லியாச்சு" என்று கெஞ்சினாள். போண்டாவுக்காக என் மானத்தை விட்டுக்கொடுத்துப் போனேன்.

ஏலக் கூடத்திலேயே நாற்காலி போட்டிருந்தார்கள். முன்வரிசையில் யார் என்று நினைக்கிறீர்கள்? வியாபாரிகள். என் மேல் புகாரில் கையெழுத்துப் போட்ட அத்தனை பேரும் சலவைச் சட்டையில், சந்தனப் பொட்டோடு உட்கார்ந்திருந்தார்கள். விழாச் செலவே அவர்களுடையதுதான் என்று தட்டச்சுப் பெண் காதோடு சொன்னாள். வெட்கம் கெட்டவர்கள் என்று நினைத்துக்கொண்டேன். அப்புறம்தான் புரிந்தது, அவர்கள் வெட்கப்பட வேண்டியதாக அங்கே ஒன்றுமே நடக்கவில்லை. அவர்கள் கணக்கில் இது முறை செய்வது.

செயலாளர் ஒலிபெருக்கியைப் பிடித்தார். அவர் யாருக்கும் கெட்டவராக இருக்க விரும்பாத மனிதர். அதனால் எல்லாருக்கும் கெடுதல் செய்கிறவர்.

"அம்மணியப் பத்தி ஒரு குத்தம் சொல்ல முடியாதுங்க. பெட்டிச் சாவி இவங்க கையில இருக்கற வரைக்கும் நான் நிம்மதியா இருந்தேன். என்னமோ போதாத காலம், நம்ம வியாபாரப் பெருமக்களுக்கும் அம்மணிக்கும் ஒரு சின்ன மனக்கசப்பு. விசாரணைன்னு ஒண்ணு போட்டிருக்குது. அது என்னைக்கு நடந்து, என்னைக்கு முடிஞ்சு, யாரு சரின்னு தெரியறது? அதுவரைக்கும் ரெண்டு பக்கமும் மூஞ்சியத் தூக்கி வெச்சுக்கிட்டு இருக்கோணுமுங்களா? அதனாலதான், வியாபாரிக மனசு நோகக் கூடாதுன்னு, நானே மேலிடத்துல பேசி இந்த மாறுதல வாங்கிப்போட்டேன். அம்மணி இதத் தண்டனையா நெனைச்சுப்போடக் கூடாதுங்க."

எல்லாரும் கை தட்டினார்கள். அடுத்து பெரிய கை எழுந்தார். "நாங்க கேட்டுக்கிட்டத மதிச்சு நடவடிக்கை எடுத்த செயலாளர் அய்யாவுக்கு நன்றீங்க. அம்மணி தங்கமானவங்க. எங்களுக்கு அவங்க மேல ஒரு கோவமும் இல்லீங்க. எங்க போனாலும் நல்லா இருக்கோணும்" என்று சொல்லி, ஒரு பொன்னாடையைப் பிரித்து என் தோளில் போர்த்தினார். சரிகை கழுத்தில் குத்தியது. பேசினால் அழுவேன், அல்லது கெட்ட வார்த்தை வரும். இரண்டும் அந்தக் கூட்டத்துக்குத் தகுதியில்லாதவை.

தட்டச்சுப் பெண் முழுவதையும் கைபேசியில் படம் பிடித்து, கும்பிடு பொம்மைகளோடு அலுவலக வாட்ஸ்அப் குழுவில் போட்டாள். வீட்டுக்கு வந்ததும் அந்தக் கண்றாவியை என் வீட்டுக்காரருக்குப் போட்டுக் காட்டினேன். அவர் சோற்றுத் தட்டைக் கீழே வைத்துவிட்டு இரண்டாம் தடவை பார்த்தார்.

"இதென்ன, வாக்குமூலமாட்ட இருக்குது" என்றார்.

மறுநாள் உடம்பு சரியில்லை என்று விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டு, நாகப்பட்டினத்தில் போய்ச் சேராமல் கோயம்புத்தூருக்கு பஸ் ஏறினேன். நீதிமன்றத்துக்கு எதிர்ச் சந்தில் ஒரு வழக்கறிஞர் அம்மா. அரசு ஊழியர் வழக்குகளையே பார்ப்பவர். வாரத்தில் பாதி நாள் சென்னை உயர் நீதிமன்றத்தில் இருப்பார். நான் சொன்னதை எல்லாம் கேட்டுவிட்டு உதட்டைப் பிதுக்கினார்.

"மாறுதல்ல கோர்ட்டு லேசுல தலையிடாதுங்க மேடம். வேலைக்குச் சேர்ந்தா, போடற எடத்துக்குப் போகோணும். அதுதான் பொது விதி. விசாரணைக்கு இடைஞ்சல் வரும், சாட்சியக் கலைச்சுருவாங்கன்னு நெசமாவே பயந்து மாத்துனாங்கன்னா, அதுவும் செல்லும். ஆனா தண்டனைக்குப் பதிலா மாறுதல் குடுக்கக் கூடாது. தப்புன்னா விசாரிக்கட்டும், நிரூபிக்கட்டும், அப்புறம் தண்டனை குடுக்கட்டும். விசாரிக்காமத் தூக்கியடிச்சுப்போட்டு நிர்வாகக் காரணம்னு சொன்னா, அது நிக்காது. என்ன ஒரு சங்கடம்னா, உள்ளுக்குள்ள தண்டனைதான்னு நாமதான் காட்டோணும். அத எவன் வாயால ஒத்துக்குவான்?"

நான் கைபேசியை நீட்டினேன். பார்த்தார். அந்த அம்மா அவ்வளவு நேரம் சிரிக்கவே இல்லை. இப்போது மேஜையில் கையைத் தட்டித் தட்டிச் சிரித்தார்.

"ஒத்துக்கிட்டாங்களே. மைக்குல ஒத்துக்கிட்டாங்களே" என்றார்.

வேறு எந்த ஊர்க்காரர்களாவது இந்த முட்டாள்தனத்தைச் செய்திருப்பார்களா என்று எனக்குச் சந்தேகம். ஒருத்தியை அநியாயமாக மாற்ற வேண்டுமானால் வாயை மூடிக்கொண்டு மாற்றியிருப்பார்கள். எங்கள் ஆட்களால் முடியாது. அவமானப்படுத்தியும் ஆக வேண்டும், அதற்காக மனசு நோகாதபடி சமாதானமும் சொல்லியாக வேண்டும், அதையும் போண்டாவோடு சொல்ல வேண்டும்.

சென்னையில் வழக்கு எடுத்துக்கொள்ளப்பட்ட அன்று நானும் போயிருந்தேன். அரசுத் தரப்பு வழக்கறிஞர் எழுந்து, இந்தக் கண்காணிப்பாளர் அதே இடத்தில் இருந்தால் சாட்சிகளை மிரட்டிக் கலைத்துவிடுவார், விசாரணை நியாயமாக நடப்பதற்காகவே மாற்றினோம் என்றார். எங்கள் வழக்கறிஞர் அம்மா என் பக்கம் திரும்பி முகத்தைச் சுளித்தார். செல்லக்கூடிய காரணம் என்று அவரே சொன்னாரே, அதைத்தான் அவர்கள் பிடித்துக்கொண்டார்கள்.

நீதிபதி, சாட்சிகள் யார் என்று கேட்டார். வியாபாரிகள் என்று பதில் வந்தது. எங்கள் வழக்கறிஞர் அம்மா தாக்கல் செய்திருந்த விழாக் காட்சியை அவர் ஏற்கெனவே பார்த்திருந்தார். தங்கமானவர், எங்கே போனாலும் நன்றாக இருக்கட்டும் என்று பொன்னாடை போர்த்துகிற சாட்சிகளையா இவர் மிரட்டப்போகிறார் என்று கேட்டார். நீதிமன்றத்தில் சிரிப்பு. அரசுத் தரப்பு வழக்கறிஞர் காகிதத்தைப் புரட்டினார். அதில் பொன்னாடையைப் பற்றி ஒன்றும் இருந்திருக்காது.

விசாரணைக்கு முன்பே தண்டிக்கும் நோக்கத்தில் போட்ட மாறுதல் இது, விசாரணை முடியும்வரை இவர் பழைய இடத்திலேயே வேலை பார்க்கலாம், விசாரணையை இழுத்தடிக்காமல் முடியுங்கள் என்று உத்தரவு. நான் கேட்டது எதுவோ அதுவே கிடைத்தது. திரும்பி வரும் ரயிலில் ஜன்னலோரம் உட்கார்ந்துகொண்டு, செயலாளரின் மூஞ்சி எப்படி இருக்கும் என்று கற்பனை செய்து செய்து சந்தோஷப்பட்டேன். அதில் எனக்கு ஒரு கூச்சமும் இல்லை.

வழியனுப்பிவைத்த ஆள் திரும்பி வந்தால் என்ன செய்வது என்று எங்கள் அலுவலகத்தில் எந்த முறையும் இல்லை. தவித்துப்போனார்கள். செயலாளர் நாற்காலியிலிருந்து பாதி எழுந்து, பாதி உட்கார்ந்து, "வாங்க அம்மணி, நீங்க இல்லாமக் கூடமே வெறிச்சுன்னு இருந்துதுங்க" என்றார். பெரிய கை அந்த வார ஏலத்தில் என்னைப் பார்த்ததும் முகம் மலர, "சௌக்கியமுங்களா" என்றார். நான் பெட்டிச் சாவியை வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டேன்.

விசாரணைக்கு எனக்கு ஒரே ஒரு சாட்சி வேண்டும். அந்தக் குவியலின் சொந்தக்காரர். கூடத்தில் வைத்துக் கேட்டால் நாலு காது கேட்கும் என்று, ஒரு ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் பூசை முடிந்ததும் நேரே அவர் தோப்புக்கே போனேன். மோட்டார் ரூம் பக்கத்தில் மட்டை அடுக்கிக்கொண்டிருந்தார். இளநீர் வெட்டிக் கொடுத்தார். நான் விஷயத்தைச் சொன்னேன். அவர் அரிவாளைத் துண்டால் துடைத்துக்கொண்டே இருந்தார்.

"பாக்கலாமுங்க" என்றார்.

எங்கள் பக்கத்தில் 'பாக்கலாமுங்க' என்றால் என்ன அர்த்தம் என்று சின்னக் குழந்தைக்கும் தெரியும். மாட்டேன் என்று அர்த்தம். அவரைக் குறை சொல்ல முடியாது. அந்த வியாபாரியிடம்தான் வருஷம் முழுக்க அவர் பருப்புப் போட வேண்டும். இருந்தாலும் எனக்குக் கோபம் வந்தது. உனக்காகத்தானே கத்தினேன் என்று கேட்க வாய் வந்தது. கேட்காமல் திரும்பி வந்தேன்.

விசாரணை எங்கள் கூடத்தின் மேல்மாடி அறையில் நடந்தது. விசாரணை அதிகாரி சிரிக்கவும் தெரியாத, முறைக்கவும் தெரியாத ஒரு மனிதர். கேள்வி கேட்பார், எழுதுவார். முதலில் செயலாளர். விழாவில் இப்படிப் பேசினீர்களா என்று கேட்டேன்.

"அது மரியாதைக்குப் பேசுனதுங்க. மேடையில பேசறதையெல்லாம் நெசமுன்னு எடுத்துக்கலாமுங்களா?" என்றார்.

"அப்ப எது நெசமுங்க சார், நான் நல்லவங்கறதா, வியாபாரிக கேட்டு மாத்துனதா?"

அவர் விசாரணை அதிகாரியைப் பரிதாபமாகப் பார்த்தார்.

அடுத்து பெரிய கை. எங்கே சீட்டைப் பற்றி நான் கேட்டு, அது எழுத்தில் ஏறிவிடுமோ என்பதுதான் அவருடைய கவலை. வாயில் ஏதோ அடக்கிக்கொண்டவர் போலப் பேசினார். "அன்னைக்கு ஒரே சத்தமுங்க. யாரு என்ன சொன்னாங்கன்னு சரியா வெளங்கலீங்க" என்றார். அவருக்குப் பின்னால் வந்தவர்களுக்கெல்லாம் அதே சத்தம், அதே விளங்காமை. புகாரில் வரிசையாகக் கையெழுத்துப் போட்டவர்கள், வரிசையாக ஞாபகம் இழந்தார்கள். எனக்கு எதிராக ஒருத்தரும் சொல்லவில்லை. எனக்காகவும் ஒருத்தரும் சொல்லவில்லை. என்னைச் சாகவும் விடாமல் பிழைக்கவும் விடாமல் போட்டுவிடுவார்கள் போலிருந்தது. உண்மையைச் சொல்வதானால், என்னைத் திட்டியிருந்தால்கூட எனக்கு இவ்வளவு ஆத்திரம் வந்திருக்காது.

உங்கள் தரப்பில் யாராவது உண்டா என்று அதிகாரி கேட்டார். இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். கதவருகே செருப்பைக் கழற்றும் சத்தம் கேட்டது. தோப்புக்காரர். வெள்ளைச் சட்டை போட்டு, பொத்தானைக் கழுத்துவரை மாட்டியிருந்தார்.

அதிகாரி அன்று என்ன நடந்தது என்று கேட்டார்.

"என்ற பருப்புக்கு அவரு ஒரு வெலை எழுதிப் போட்டாரு. பெட்டியப் பூட்டுன பொறகு, வெலை எறங்கிப்போச்சுன்னு சீட்ட மாத்தக் கேட்டாரு. இந்தம்மா முடியாதுன்னுட்டாங்க. அவ்வளவுதானுங்க."

"கண்காணிப்பாளர் மரியாதைக் குறைவாகப் பேசினாரா?"

"பேசுனாங்க" என்றார். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. அவர் பாட்டுக்குச் சொல்லிக்கொண்டு போனார். "வெளிய போங்கன்னு கத்துனாங்க. கத்தாம என்ன பண்ணுவாங்க? ஊரே மரியாதையாப் பேசிப் பேசித்தானுங்க எங்க பருப்ப வாரிக்கிட்டுப் போகுது. ஒருத்தராச்சும் கத்தோணுமில்லீங்களா?"

அதிகாரி எழுதுவதை நிறுத்திவிட்டு முதல் தடவையாக நிமிர்ந்து அவரைப் பார்த்தார். நான் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டேன். வெட்கமில்லாமல் சொல்கிறேன், அப்போது அழுதேன். இந்த ஒரு பேச்சு இந்தக் கட்டடத்துக்குள் ஒலிப்பதற்காகத்தான் சென்னைவரை ஓடினேன். கீழே இறங்கும்போது, இனிமேல் பருப்பை என்ன செய்வீர்கள் என்று அவரிடம் கேட்டேன். "பொள்ளாச்சி கொண்டு போயிருவேனுங்க, அங்க வேற களவாணிக இருக்கறாங்க" என்று சொல்லிவிட்டு வண்டியை உதைத்தார்.

பூட்டிய பெட்டியைக் காக்கக் கத்தியது மரியாதைக் குறைவாகாது, குற்றச்சாட்டு எதுவும் நிரூபிக்கப்படவில்லை என்று அறிக்கை போயிற்று. மேலிடமும் ஏற்றுக்கொண்டு, நடவடிக்கையைக் கைவிட்டதாக ஆணை அனுப்பியது. அன்று என் வீட்டுக்காரர் மைசூர்பா வாங்கி வந்தார். அக்கம்பக்கம் எல்லாருக்கும் கொடுத்தேன். கேட்டவர்களுக்கும் கேட்காதவர்களுக்கும் கதையைச் சொன்னேன்.

மறுநாள் காலையில் செயலாளர் என்னை அறைக்குக் கூப்பிட்டார். உட்காரச் சொன்னார். டீ வரவழைத்தார். டீ வந்த பிறகு ஒரு தாளை நகர்த்தினார். நாகப்பட்டினம் பக்கத்துக் கூடம். அதே இடம், நிர்வாகக் காரணங்களை முன்னிட்டு.

"என்னுங்க சார் இது? கோர்ட்டு உத்தரவு இருக்குதே."

"விசாரணை முடியற வரைக்கும்னுதானுங்க உத்தரவு. முடிஞ்சுபோச்சுங்களே."

"நிரூபிக்கலீன்னு ஆயிருச்சு. அப்புறம் எதுக்கு மாறுதல்?"

"அதேதானுங்க நானும் சொல்றேன்" என்றார், குழந்தைக்குப் புத்தி சொல்வதுபோல. "அப்ப உங்க மேல ஒரு குத்தச்சாட்டு இருந்துது. அந்த நேரத்துல மாத்துனா, கோர்ட்டு தண்டனைன்னு சொல்லிச்சு. சரீன்னு கேட்டுக்கிட்டோம். இப்பத்தான் உங்க மேல ஒரு குத்தமும் இல்லைன்னு ஆயிப்போச்சே. குத்தமே இல்லாதவங்கள மாத்தறது எப்படீங்க தண்டனையாகும்? இது சாதா மாறுதலுங்க அம்மணி."

வராந்தாவுக்கு வந்து வழக்கறிஞர் அம்மாவுக்குப் போன் போட்டேன். நடந்ததைச் சொன்னேன்.

"ஏதாச்சும் பேச்சு, ரெக்கார்டு, ஏதாச்சும் இருக்குதுங்களா மேடம்?" என்று கேட்டார்.

ஒன்றும் இல்லை. மைக் இல்லை, போண்டா இல்லை. அவர்களும் பாடம் படித்திருந்தார்கள்.

"அப்ப அவரு சொல்றது சரிதானுங்க" என்றார்.

நான் அங்கேயே நின்றேன். குற்றம் சாட்டப்பட்டவளாக இருந்தவரை என்னை இந்தக் கூடத்திலிருந்து ஒரு அடி நகர்த்த இவர்களால் முடியவில்லை. சட்டம் கூடவே காவல் நின்றது. குற்றமற்றவள் என்று ஆன மறுநாள் காவலும் போயிற்று, நாற்காலியும் போயிற்று. சட்டம் படித்தவர்களுக்கு இதில் ஒரு முரணும் தெரியாதாம். எனக்குத் தெரிந்தது.

திரும்ப அறைக்குள் போனேன். அவர் டீயைக் குடித்துக்கொண்டிருந்தார்.

"சார், எனக்கு இன்னொரு மெமோ குடுங்க" என்றேன்.

அவர் குலுங்கக் குலுங்கச் சிரித்தார். "உங்க குசும்பு எப்பவும் போகாதுங்க அம்மணி" என்றார். நான் குசும்புக்குக் கேட்கவில்லை. கதவுப் பக்கம் நின்றபடி அவர் சிரித்து முடிக்கும்வரை காத்திருந்துவிட்டு, இன்னொரு தடவை கேட்டேன்.